பொத்தான் வியாபாரி வீட்டில பொம்பிளை பார்த்தது

லண்டனில ஒரு பிள்ளையைக் கோயிலில வைச்சுக் காட்டுறதெண்டால், அதைவிடப் பேசாமல் தமிழ் ரேடியோவில விளம்பரம் குடுத்துவிடலாம். ஊரில எங்கட சனத்துக்கு ஒரு நல்ல பழக்கம் இருந்தது. மாப்பிளைப் பகுதியும் பொம்பிளைப் பகுதியும் ஒரு கோயிலுக்குத் 'தற்செயலா' வருவினம். பிடிச்சால் நிண்டு கதைப்பினம். பிடிக்காட்டி திருநீற்றைப் பூசிக்கொண்டு அவையவை தங்கட பாட்டில போவினம். ஆருக்கும் வெக்கமில்லை, ஆரும் ஆரையும் வேண்டாமெண்டு சொன்னதாயும் இல்லை. இஞ்ச அது சரிவராது. வெள்ளிக்கிழமைப் பூசைக்குப் போனால் பாதிச் சனம் சாமியைக் கும்பிடும், மிச்சப் பாதி விடுப்புப் பார்க்கும். பூசை முடிய முதல் விஷயம் ஹரோப் பகுதி முழுக்கப் பரவியிருக்கும்.

இரண்டாயிரம் பிறந்து கொஞ்சக் காலம், நாங்கள் ரெய்னர்ஸ் லேனில இருந்தனாங்கள். என்ரை தங்கச்சிக்கு ஃபாரஸ்ட் கேட்டில இருந்து ஒரு சம்பந்தம் வந்தது. பெடியன் தண்ணிக் குழாய் போடுற கொம்பனி ஒண்டில என்ஜினியர். தகப்பன் இல்லை, தாய் மட்டும். சாதகம் பொருந்தீட்டுது. அவையும் கோயில் வேண்டாம் எண்டிச்சினம், நாங்களும் வேண்டாம் எண்டம். ரெஸ்டோரண்ட் எண்டால் கையால சாப்பிடுறதோ முள்ளுக்கரண்டியாலயோ எண்ட கரைச்சல். பார்க் எண்டால் மழை. அப்ப நான்தான் வாயைத் திறந்தன்: "நான் சனிக்கிழமையில நிக்கிற வீட்டுக்கு வாங்கோவன்."

நான் நிக்கிற வீடு எண்டது என்ரை வீடில்லை. நகரத்துக்குள்ள ஒரு வரிசை வீடுகளுக்கு நடுவில, விக்டோரியா மகாராணி காலத்தில இருந்தபடியே வைச்சிருக்கிற ஒரு ஒடுங்கின உயரமான வீடு. இப்ப அது சனம் வந்து சுத்திப்பார்க்கிற இடம். கிழமையில ஒரு நாள் நான் அங்க சம்பளமில்லாமல் நிண்டு, வாறவைக்குத் 'தொடாதேங்கோ' எண்டு சொல்லுவன். என்ரை மனிசனுக்கு இது பெரிய பகிடி. "வீட்டில தூசி தட்ட நேரமில்லை, செத்த வெள்ளைக்காரன்ரை கதிரைக்குக் காவல்" எண்டுவார். எங்கட வீட்டில நான் தொடாதேங்கோ எண்டால் ஆர் கேக்கினம்? அங்கயெண்டால் மூண்டு வயசுப் பிள்ளையும் கையைப் பின்னால கட்டுது.

அந்த வரிசையைக் கட்டினவன் ஆரோ ஒரு கொந்தராத்துக்காரன். வாங்கிக் குடிவந்தவர் ஒரு பொத்தான் வியாபாரி. பிரபுவுமில்லை, கவர்னருமில்லை, சட்டைப் பொத்தான் வித்துக் காசுக்காரனானவர். ஆனால் எடுப்புக்குக் குறைவில்லை. தெருப் பக்கம் நல்ல சிவப்புச் செங்கல். பின்பக்கம் போய்ப் பாருங்கோ, மலிஞ்ச மஞ்சள் கல்லு. நடையில நிறநிறமான ஓடு பதிச்சுக் கோலம், கதவில வர்ணக் கண்ணாடி. முன் அறையில நெருப்பு மூட்டுற இடத்தைச் சுத்திக் கறுப்புச் சலவைக்கல் எண்டு நினைப்பியள். நினைக்கட்டும் எண்டுதான் செய்தது. அது சிலேட்டுக் கல்லுக்கு வர்ணம் பூசி, வெள்ளை ரேகை கீறினது. கதவெல்லாம் ஓக் மரம் மாதிரித் தெரியும், தட்டினால் வெறும் பைன். தூரிகையால மரத்தின்ரை வரியைக் கீறி வைச்சிருக்கினம். படியும் அப்பிடித்தான். விருந்தாளி ஏறுமட்டும் அகலம், கம்பளம், பித்தளைக் கம்பி. அதுக்கு மேல குறுகின வெறும் பலகை. முதல்நாள் இதையெல்லாம் எனக்குக் காட்டேக்க நான் வாய்விட்டுச் சிரிச்சிட்டன். கலியாண மண்டபத்துக்கு வாடகைக் காரில வந்து இறங்கிற எங்கட சனத்தைப் பார்த்த மாதிரிக் கிடந்தது. அண்டையில இருந்து எனக்கு அந்தப் பொத்தான் மனிசனில ஒரு பாசம்.

வீடு அப்பிடியே தப்பினது அவரின்ரை ரெண்டு மகள்மாரால. ரெண்டு பேரும் கலியாணம் கட்டேல்லை. தாய் தகப்பன் போனபிறகும் அதே சுவர்க்கடதாசி, அதே திரைச்சீலை, ஒரு கதிரையைக்கூட இடம் மாத்தாமல் கிழவியளாகிற வரைக்கும் இருந்திருக்கினம். கரண்ட் வேண்டாம், காஸ் விளக்குக் காணும், அது போதும் எண்டு கனகாலம் நிண்டவையாம். அம்மாவுக்கு நான் இந்தப் பகுதியைச் சொல்லேல்லை. ரெண்டு குமருகள் கட்டாமல் கிடந்து செத்த வீட்டிலயோ என்ரை பிள்ளையைக் காட்டப்போறாய் எண்டு அவ நிலத்தில உருண்டிருப்பா.

அம்மாவுக்கு அந்த நேரம் பயம் உச்சியில நிண்டது. தங்கச்சிக்கு முந்தி ஒருக்கா எழுத்து நடந்து முறிஞ்சது. எழுத்தெண்டால் எங்கட ஆக்களுக்கு விளங்கும், மற்றவைக்குச் சொல்லவேணும். எங்கட சனம் தாலி கட்டுறதுக்குக் கனமாதம் முந்தியே கலியாணத்தைச் சட்டப்படி பதிஞ்சுபோடுவினம். விசா அலுவல், ஸ்பொன்சர் அலுவல் தொடங்கவேணுமே. எழுதினாலும் தாலி ஏறுமட்டும் பிள்ளை தாய்வீட்டிலதான். தங்கச்சியை எழுதினவன் கனடாக்காரன். எழுதிப்போட்டுத் திரும்பிப் போனவன் போனவன்தான். முதல் கிழமைக்கொரு போன், பேந்து மாசத்துக்கொண்டு, பேந்து மனம் மாறீட்டுது எண்டு தகவல். மண்டபம் பார்த்து, கூறைச்சீலை எடுத்துவைச்சுக்கொண்டு பிள்ளை போனுக்குப் பக்கத்தில இருந்தவள். அவனோட தனிய இருந்து ஒரு தேத்தண்ணி குடிக்காதவள், சட்டப்படி டிவோர்ஸானவள். அந்த எருமைமாட்டை நினைச்சால் எனக்கு இண்டைக்கும் பத்தி எரியும்.

அதுக்குப் பிறகு வந்த சம்பந்தங்களுக்கு உள்ளதைச் சொன்னம். ஒண்டும் நிலைக்கேல்லை. "பிள்ளை தங்கமான பிள்ளைதான், ஆனால்..." எண்டு இழுத்துக்கொண்டே போயிடுவினம். இந்த முறை அம்மா தீர்மானமாச் சொல்லிப்போட்டா: "எல்லாம் சரிவந்த பிறகு பார்ப்பம். அதுவரைக்கும் மூச்சுக் காட்டக்கூடாது." தங்கச்சியும் தீர்மானமாச் சொல்லிப்போட்டாள்: "அவருக்கு நானே சொல்லாமல் நான் ஓம் எண்டு சொல்லமாட்டன்." தாயும் மகளும் ஒரே பிடிவாதம், ஒரே மூஞ்சை. பெடியனோட அவளைத் தனிய விடுறேல்லை எண்டு அம்மா கங்கணம் கட்டிக்கொண்டு நிண்டா. தங்கச்சி வேண்டாமெண்டு முறிக்கிற எண்ணத்திலயும் இல்லை. அவள் பார்மசியில போடுற வெள்ளைக் கோட்டுப் பைக்குள்ள அந்தப் பெடியன்ரை படம் கிடந்ததை நான் கண்டனான். கழுவப் போடேக்க எடுத்து, கழுவினபிறகு திருப்பி வைச்சவள்.

தற்செயலாச் சந்திக்கிறது, அதால சாதாரணமா உடுத்துக்கொண்டு வாங்கோ எண்டு ரெண்டு பகுதிக்கும் சொன்னனான். அம்மா மாம்பழ மஞ்சளில காஞ்சிபுரம். மாப்பிளையின்ரை தாய் கத்தரிப்பூ நிறம், சரிகைக்கரை ஒரு சாண் அகலம். தங்கச்சி மட்டும் சுடிதார். அதுக்கும் காரில ஏறேக்க அம்மா ஒரு அட்டியலை மாட்டிவிட்டா. அப்பா எங்களை வாசலில இறக்கிவிட்டுக் கார் விட இடம் தேடிப் போனவர். அந்தத் தெருவெல்லாம் கார் விடுறது அங்க குடியிருக்கிறவைக்கு மட்டும். அப்பா அண்டைக்கு வீட்டை வெளியால மட்டும்தான் கண்டவர், அதுவும் திரும்பத் திரும்பக் கடந்து போகேக்க.

ரெண்டு பகுதியும் வாசலில ஒரே நேரத்தில வந்து முட்டிச்சுது.

"அட, நீங்களும் இந்த வீட்டைப் பார்க்கவோ வந்தனீங்கள்?" எண்டா அம்மா, பள்ளிக்கூட நாடகத்தில கதைக்கிற மாதிரி.

"ஓமோம், கனநாளா வரவேணுமெண்டு இருந்தனாங்கள்" எண்டா மற்றவ. இந்த வீடு இருக்கெண்டு அவவுக்குப் போன கிழமைதான் தெரியும்.

எங்கட பொறுப்பாளர் வெள்ளைக்கார மனிசி என்னை ஒரு பக்கத்துக்கு இழுத்து, இஞ்ச கலியாணம் நடத்த அனுமதியில்லை எண்டது உனக்குத் தெரியும்தானே எண்டு கேட்டா. கலியாணமில்லை, கட்டிடக்கலை ஆர்வம் எண்டன். அவ ரெண்டு காஞ்சிபுரத்தையும் மாறிமாறிப் பார்த்தா. அதுக்குள்ள எல்லாரும் செருப்பைக் கழட்டி நடையில வரிசையா வைச்சிட்டினம். பழைய வீடு, சுவர் முழுக்கப் படம், சத்தம் சந்தடியில்லை. எங்கட ஆக்களுக்குக் கால் தன்பாட்டில கழட்டும். பொறுப்பாளருக்கு அதில சரியான சந்தோசம். இவ்வளவு காலமும் கம்பளத்துக்கு ஆரும் இந்த மரியாதை குடுக்கேல்லையாம்.

மாப்பிளையின்ரை தாய் வீட்டை வாங்க வந்தவ மாதிரிக் குறை பிடிச்சா. முன் அறையில மேல அண்ணாந்து, விளக்குத் தொங்கிற இடத்தைச் சுத்திச் சுண்ணாம்பில செய்த பெரிய பூவைப் பார்த்து, "ஒட்டடை பிடிச்சால் ஆர் ஏறித் தட்டுறது?" எண்டா. கடும்பச்சைச் சுவர்க்கடதாசியைப் பார்த்து, "இந்த இருட்டில ஆள் எது அலுமாரி எது எண்டு தெரியாதே" எண்டா. கதவின்ரை ஓக் மரக் கதையை நான் சொன்னதும் கிட்டப் போய் நகத்தால சுரண்டப் பார்த்தா. "அன்ரி, தொடக்கூடாது!" எண்டன். "பிள்ளை, சுத்துமாத்தெண்டு கண்டால் சுரண்டிப் பார்க்காமல் விடுறேல்லை நான்" எண்டா. அம்மாவின்ரை முகத்தில ரத்தமில்லை.

மாப்பிளை நல்ல உயரம். வாயே திறக்கேல்லை. அவரும் தங்கச்சியும் ஒருத்தரை ஒருத்தர் நேர பார்க்கவுமில்லை. நெருப்பிடத்துக்கு மேல ஒரு பெரிய கண்ணாடி இருக்கு, ரெண்டு பேரும் அதுக்குள்ளால பார்த்துக்கொண்டு நிண்டிச்சினம். நான் அதைக் கண்டும் காணாத மாதிரி, பொத்தான் வியாபாரம் எப்பிடி வளந்தது எண்டு தேவையில்லாமல் நீட்டினன்.

அப்பதான் அன்ரி சுவரில இருந்த ரெண்டு மகள்மாரின்ரை படத்தைக் கண்டா. "இந்தப் பிள்ளையள் எங்க கட்டினது?"

"அவை கட்டேல்லை அன்ரி." பொய் சொல்ல எனக்கு நேரம் கிடைக்கேல்லை.

"ஏன்?"

"விருப்பமில்லையாக்கும்."

"விருப்பமில்லையோ, விருப்பம் வாற மாதிரி ஒருத்தனும் வந்து கேக்கேல்லையோ?" எண்டு சொல்லிப்போட்டு, அந்தப் படத்துக்கு முன்னால கொஞ்ச நேரம் நிண்டா. அம்மா என்னைப் பார்த்த பார்வையில அந்த விளக்கெல்லாம் தானாப் பத்தியிருக்கவேணும்.

என்ரை திட்டம் இதுதான். அந்த வீட்டில வாறவை கைவைக்கக்கூடிய சாமான் ஒண்டே ஒண்டு, கதைக்கிற குழாய். போன் வர முந்தின காலத்தில மேல் தட்டில பிள்ளையள் படுக்கிற அறையில இருந்து கீழ சமைக்கிற குசினி வரைக்கும் சுவருக்குள்ளால ஒரு குழாய் விட்டிருக்கினம். ரெண்டு முனையிலயும் பித்தளை வாய், வாயில ஒரு விசில் செருகியிருக்கும். மேல நிக்கிறவை தங்கட விசிலைக் கழட்டிப்போட்டு ஊதினால், கீழ இருக்கிற விசில் கத்தும். கீழ உள்ளவை அதைக் கழட்டிப்போட்டுக் காதை வைக்கவேணும். பேந்து கதைக்கலாம். இண்டைக்கும் வேலை செய்யுது. அம்மாவுக்கு முழங்கால் வருத்தம், மேல் தட்டுக்கு ஏறமாட்டா. நடையில வாறவை இருக்கவெண்டு போட்ட கதிரையில அவவை இருத்திப்போட்டன். தங்கச்சி மேல் அறை பார்க்கத் தனியப் போய், அங்க இருந்து ஊதுவாள். நான் மாப்பிளையைக் குசினிக்குக் கூட்டிக்கொண்டு போவன். ஒரு வீட்டின்ரை உச்சியிலயும் அடியிலயும் நிக்கிற ரெண்டு பேரைத் தனிய இருந்தவை எண்டு ஆரும் குற்றம் சொல்லேலாதே.

தங்கச்சி மேல போனாள். நான் மாப்பிளையோட கீழ இறங்க, குசினி பார்க்கவேணுமெண்டு அன்ரியும் கூட வந்தா. அதுக்கும் வழி வைச்சிருந்தனான், பின்பக்கப் பாத்திரம் கழுவிற அறையில அவவைக் கொண்டுபோய் விடுறதெண்டு. ஆனால் படிக்குக் கீழ இருந்த கக்கூஸை நான் கணக்கில எடுக்கேல்லை. நீலப் பூப் போட்ட பீங்கான், மஹோகனிப் பலகை, மேல தண்ணித் தொட்டி, சங்கிலி. கதவு திறந்து கிடந்தது. எங்கட தண்ணிக்குழாய் என்ஜினியர் அதைக் கண்டதும் அப்பிடியே நிண்டிட்டார். "இது அந்தக் காலத்துக் குழாயோ? இணைப்பு ஈயத்திலயோ?" அண்டைக்கு அவர் முதல் கதைச்ச கதை அதுதான். முழங்காலில இருந்து அண்ணாந்து பார்க்கத் தொடங்கினார். பொம்பிளை பார்க்க வந்த மாப்பிளையைக் கக்கூஸிலயிருந்து கிளப்புறது லேசான வேலையில்லை. நான் பல்லைக் கடிச்சுக்கொண்டு, "தம்பி, குசினியில இதைவிட நல்ல குழாய் இருக்கு, வாங்கோ" எண்டு மன்றாடினன்.

அதுக்குள்ள குசினியில விசில் கத்தினது.

நான் ஓடிப்போய்ப் பார்க்க, அன்ரி விசிலைக் கழட்டிக் கையில வைச்சுக்கொண்டு நிக்கிறா. குழாயில காதை வைச்சாச்சு. கல்லு நிலம், வெறும் சுவர்; வாசலில நிண்ட எனக்கும் தங்கச்சியின்ரை குரல் மெல்லிசாக் கேட்டது.

"நீங்கள்தானே? குறுக்கால ஒண்டும் கதைக்காதேங்கோ. இப்ப சொல்லாட்டி எனக்குத் துணிவு போயிடும். எனக்கு முந்தி ஒருக்கா எழுத்து நடந்தது. தாலி கட்டேல்லை. அவரின்ரை போனைப் பார்த்துக்கொண்டே இருந்தனான், அவர் வேண்டாமெண்டு விட்டிட்டார், டிவோர்ஸ் எடுத்தாச்சு. அம்மா இதைச் சொல்லவேண்டாமெண்டவ. அவவில கோவிக்காதேங்கோ, அவ பயத்தில செய்யிறா. ஆனால் இதை மறைச்சுக்கொண்டு உங்கட வீட்டுக்கு வந்தால், ஆர் எப்ப சொல்லிப்போடுவினமோ எண்டு நான் ஒவ்வொரு நாளும் பயந்துகொண்டெல்லோ இருக்கவேணும். எனக்கு அது ஏலாது. வேண்டாமெண்டால் இப்பவே சொல்லுங்கோ, நான் தாங்குவன். உங்கட அம்மாவுக்கு மட்டும் மெல்லமாச் சொல்லுங்கோ. அவவைப் பார்த்தாலே எனக்குப் பயமாக்கிடக்கு."

என்ரை கடவுளே! போய்க் குழாயைப் பறிக்கவும் ஏலாது, தங்கச்சியைக் கூப்பிடவும் ஏலாது. அன்ரி என்னைப் பார்க்கேல்லை. காதை எடுத்திட்டு, சீலைத் தலைப்பால பித்தளை வாயைத் துடைச்சா. பேந்து அதில வாயை வைச்சா.

"பிள்ளை, நான் அவன்ரை அம்மா கதைக்கிறன்."

மேல என்னவோ தொப்பெண்டு விழுந்த சத்தம் குழாய்க்குள்ளால வந்தது.

"பயப்பிடாதையும். கேட்டது கேட்டதுதான், அதை இனி மாத்தேலாது. அவனுக்கும் நீரே சொல்லும். அதை நான் சொல்லுறது சரியில்லை. நில்லும், கக்கூஸுக்குள்ள தலையை விட்டுக்கொண்டு நிக்கிறான், கூப்பிடுறன்."

"தம்பி!" எண்டு அவ கூப்பிட்ட கூப்பிடுதலில, அறைக்கொரு மணி எண்டு குசினிச் சுவரில வரிசையாத் தொங்கின மணியெல்லாம் அதிர்ந்தது எண்டு நான் இண்டைக்கும் சத்தியம் பண்ணுவன். மகன் ஓடிவந்தார். குழாயை அவருக்குக் காட்டிவிட்டு, என்ரை கையைப் பிடிச்சு வெளிய இழுத்தா. "வாரும். இதில எங்களுக்கு அலுவலில்லை."

இருந்தும் ரெண்டு பேரும் கதவடியிலதான் நிண்டம். உள்ளுக்க இருந்து மாப்பிளையின்ரை குரல் மட்டும் கேட்டது. "ஓம்... ஓம்... ஓம்..." எண்டு ஓம் மட்டும்தான். நல்ல ஓமோ, கெட்ட ஓமோ எண்டு ஆருக்குத் தெரியும்? எனக்குக் கண்ணுக்குள்ள தண்ணி முட்டிக்கொண்டு வந்தது. அன்ரி கதவால இரும்பு அடுப்பை எட்டிப் பார்த்து, "இவ்வளவு பெரிய அடுப்பில கரி எப்பிடி அள்ளுறவை?" எண்டு கேட்டா. நான் என்ன மறுமொழி சொன்னன் எண்டு எனக்கு ஞாபகமில்லை. கொஞ்ச நேரத்தில உள்ளுக்க அவர், "நீங்கள் அங்கயே நில்லுங்கோ, நான் மேல வாறன்" எண்டது கேட்டது. வேலைக்காரர் பாவிச்ச பின்படியால, பலகை கிரீச்சிடக் கிரீச்சிட ஏறிப் போனார்.

நாங்கள் நடைக்கு வந்தம். அம்மா கதிரை நுனியில இருந்து, கையைப் பிசைஞ்சுகொண்டு, படியையே பார்த்துக்கொண்டிருந்தா. மேல இருந்து மாப்பிளை முன்னுக்கு வந்தார், பின்னால தங்கச்சி. தங்கச்சிக்கு மூக்குச் சிவந்து, கண்மை கன்னத்தில. அதைக் கண்டதும் அம்மாவுக்கு எல்லாம் விளங்கீட்டுது. சொல்லிப்போட்டாள், எல்லாம் போச்சுது எண்டு அவவின்ரை முகம் அப்பிடியே விழுந்தது. எழும்ப வெளிக்கிட்டு எழும்பேலாமல் திரும்ப இருந்தா.

அன்ரி செருப்பைக் கொழுவிக்கொண்டே கதைச்சா. "ஐயரிட்டை நாள் கேக்கேக்க ஒண்டு சொல்லிவிடுங்கோ. எழுத்தும் தாலியும் ஒரே நாளிலதான் வைக்கவேணும்."

அம்மாவுக்கு நம்பேலாமல் கிடந்தது. வாய் தன்பாட்டில சொன்னது: "எல்லாரும் எழுத்தை முந்தி வைக்கிறவையெல்லோ..."

"எல்லாரும் வைக்கட்டும். காலமை எழுதி, மத்தியானத்துக்குள்ள தாலி ஏறவேணும்." செருப்பு வாரைச் சரி பண்ணிப்போட்டு நிமிர்ந்து, தங்கச்சியைக் காட்டினா. "இந்தப் பிள்ளை எழுதிப்போட்டு ஒருத்தனுக்காகப் போனைப் பார்த்துக்கொண்டு இருந்தது காணும்."

அம்மா எழும்பிப் போய் அவவின்ரை ரெண்டு கையையும் பிடிச்சா. பொறுப்பாளர் பார்த்துக்கொண்டு நிக்க, வாசலில ஆரோ டிக்கெட்டோட காத்துக்கொண்டு நிக்க, அந்த நடையில நிண்டு சத்தம் வைச்சு அழுதா.